மதுரைக் கோட்டைச் சுவரை வச்சு ஒரு ஆவணப்படம்: இல்லாத சுவரை எப்படிக் காட்டுறது?

ஹெலிகேம்_மதுரை:

எல்லாருக்கும் வணக்கம். நான் மதுரைல 14 வருஷமா கல்யாண வீடியோ எடுத்துட்டு இருக்கேன், சொந்தமா கேமரா, கிம்பல், ஹெலிகேம் எல்லாம் இருக்கு, முகூர்த்தம் இல்லாத மாசத்துல சும்மா இருக்குறதுக்கு நம்ம ஊரைப் பத்தி உருப்படியா ஒண்ணு பண்ணுவோம்னு போன வருஷம் 22 நிமிஷத்துல ஒரு ஆவணப்படம் எடுத்தேன். சங்கம், பாண்டியர், 1311ல மாலிக் கபூர், சுல்தான்கள், நாயக்கர், வெள்ளைக்காரன், காந்தி வேட்டிக்கு மாறினது, அப்படியே இன்னைக்கு வரைக்கும். வாய்ஸ் ஓவருக்கு நல்ல கணீர்னு குரல் உள்ள ஒருத்தரைப் பிடிச்சேன், ஹெலிகேம்ல கோபுரம், தெப்பக்குளம், மகால் எல்லாம் அருமையா வந்துச்சு. எங்க ஏரியா சங்கத்துல ஸ்க்ரீன் கட்டிப் போட்டோம், ஒரு 80 பேர் வந்தாங்க. 5 நிமிஷம் பார்த்தாய்ங்க, அதுக்கப்புறம் ஒவ்வொருத்தரா போனை எடுத்துட்டாய்ங்க. முடிஞ்சதும் கை தட்டினாங்க, இல்லைன்னு சொல்லல, ஆனா முன் வரிசைல உக்காந்திருந்த ஒரு பாட்டி என் கையைப் பிடிச்சு "எல்லாம் நல்லாத்தான் இருக்கு தம்பி, எங்க தெரு எங்கய்யா?"னு கேட்டாங்க. அந்த அம்மா அதே ஊர்ல பிறந்து வளர்ந்து எழுபது வருஷமா அங்கயே இருக்காங்க, 22 நிமிஷத்துல அவங்களுக்குத் தெரிஞ்ச ஒரு இடம்கூட இல்ல. அன்னைக்கு ராத்திரி எனக்குத் தூக்கமே வரல.

இப்ப யோசிச்சு யோசிச்சு ஒரே ஒரு விஷயத்தை மட்டும் எடுக்கலாம்னு முடிவு பண்ணிருக்கேன், கோட்டைச் சுவர். மதுரையைச் சுத்தி ஒரு கோட்டை இருந்துச்சு, அகழி இருந்துச்சு, அதை இடிச்ச இடத்துலதான் வெளி வீதியும் மாரட் வீதியும் பெருமாள் மேஸ்திரி வீதியும் வந்துச்சு. பெரியார் பஸ் ஸ்டாண்டு பக்கத்துல ஒரு துண்டு மட்டும் மிச்சம் இருக்கு, தினமும் ஆயிரக்கணக்கான பேர் அதைத் தாண்டித்தான் போறாங்க, யாரும் நிமிர்ந்துகூடப் பார்க்குறதில்ல.

என் சந்தேகம் இதுதான். இல்லாத சுவரை எப்படிக் காட்டுறது? கிராஃபிக்ஸ் பண்ண காசு கிடையாது. பழைய போட்டோ எங்க கிடைக்கும், கிடைச்சாலும் போடலாமா? அப்புறம் பெரியவங்களைப் பேச வைக்கிறது எப்படி, கேமராவை வச்சதும் விறைச்சுப் போயி பள்ளிக்கூடத்துல ஒப்பிக்கிற மாதிரி பேசுறாங்க. தெரிஞ்சவங்க சொல்லுங்க.

---

டைம்லைன்காரன்:

அண்ணே வணக்கம், நான் சென்னைல எடிட்டிங் பண்றேன், சொந்த ஊர் சிம்மக்கல். அந்தப் பாட்டி கேட்டதை அப்படியே பேப்பர்ல எழுதி மானிட்டர்ல ஒட்டி வச்சுக்கோங்க.

உங்க முதல் படத்துல என்ன ஆச்சுன்னா ரெண்டாயிரம் வருஷத்தை 22 நிமிஷத்துல அடைச்சிட்டீங்க, ஒரு நூற்றாண்டுக்கு ஒரு நிமிஷம், மிஞ்சிப்போனா கொஞ்சம் கூட, அவ்வளவுதான் கிடைச்சுச்சு. கோட்டைச் சுவர் ரொம்ப சரியான முடிவு. ஏன்னா அதுக்கு ஆரம்பம் இருக்கு, முடிவு இருக்கு, நடுவுல ஒரு மனுசன் இருக்கான், இடிச்ச கையோட தெருப்பேரும் இருக்கு. 1834ல இருந்து 1847 வரைக்கும் கலெக்டரா இருந்த பிளாக்பர்ன்தான் இடிக்க வச்சது. சர்வே பண்ண வெள்ளைக்காரர் பேர்தான் மாரட் வீதி, வேலையை மேற்பார்வை பார்த்த நம்மாளு பேர்தான் பெருமாள் மேஸ்திரி வீதி. சர்க்கார் கைல காசு இல்ல, அதனால சுவரை இடிச்சு அகழியைத் தூர்க்குறவனுக்கே அந்த இடம்னு அறிவிச்சாங்க, ஜனம் மண்வெட்டியோட கிளம்பிடுச்சு. யோசிச்சுப் பாருங்க, ஒரு ஊரே சேர்ந்து தன்னோட கோட்டையை இடிச்சு அதுல வீடு கட்டியிருக்கு. இதை விட ஒரு கதை வேணுமா?

காட்டுறதுக்கு கிராஃபிக்ஸ் வேண்டாம்ணே. விளக்குத்தூண்ல இருந்து ஆரம்பிங்க. ஜிகர்தண்டா கடைல நிக்கிற கூட்டத்துக்கிட்ட போயி "இந்தத் தூண் யாருக்கு வச்சது?"னு கேளுங்க, சும்மா ஒரு பத்து பேர்கிட்ட. அது பிளாக்பர்ன் ஞாபகமா வச்ச விளக்குக் கம்பம், முக்கால்வாசி பேருக்குத் தெரியாது, ஆனா அந்த இடத்துக்குப் பேரே அதுதான். அவங்க யோசிக்கிற அந்த முகம் இருக்கு பாருங்க, கிளாசைக் கைல வச்சுக்கிட்டு தலையைத் தூக்கிப் பார்ப்பாங்க, அந்த ஷாட்டை மட்டும் கட் பண்ணாம விடுங்க. அதுதான் உங்க படத்தோட முதல் காட்சி.

அடுத்து ஒரு வேலை சொல்றேன், காசு செலவே இல்ல. பழைய கோட்டை வரைபடம் ஒண்ணை எடுத்துக்கோங்க, கியூஜிஐஎஸ்னு ஒரு இலவச சாஃப்ட்வேர் இருக்கு, அதுல இன்னைக்கு உள்ள சேட்டிலைட் படத்து மேல அந்த வரைபடத்தை ஒட்ட வைக்கலாம். ஒட்டுறதுக்கு ரெண்டுலயும் மாறாத புள்ளி வேணும், மதுரைக்கு அந்தக் கவலையே இல்ல, கோயிலோட நாலு வெளிக் கோபுரமும் அப்படியே நிக்கிது. அந்த நாலையும் புள்ளி வச்சா சுவர் எந்த வீட்டு வழியா, எந்தக் கடை வழியா போச்சுன்னு கோடு தெரியும், பழைய வரைபடம்ங்குறதால அஞ்சு பத்து மீட்டர் முன்னப்பின்ன இருக்கும், அதைப் படத்துலயே சொல்லிடுங்க. அப்புறம் அந்தக் கோட்டுல நடங்க. கேமராவைத் தோள்ல வச்சுக்கிட்டு நடந்தே ஒரு சுத்து. நடுவுல ஒரு ஜெராக்ஸ் கடை வரும், லாட்ஜ் வரும், டீக்கடை வரும், அந்த டீக்கடைக்காரர்கிட்ட "அண்ணே நீங்க நிக்கிறது கோட்டைச் சுவர் மேல"ன்னு சொல்லிப் பாருங்க.

ஹெலிகேம் ஷாட் படம் முழுக்க ஒண்ணே ஒண்ணு போதும். மேல இருந்து பார்த்தா ஆடி, சித்திரை, ஆவணி மூலம், மாசி, வெளின்னு சதுரத்துக்குள்ள சதுரமா தெரியும்ல, அதை சுவர் இருந்த இடம் புரிஞ்சதுக்கு அப்புறம் காட்டுனா பார்க்குறவனுக்கு ஒரு மூச்சு நிக்கும். முதல்லயே காட்டிட்டா அது வெறும் கல்யாண வீடியோ ஓப்பனிங் மாதிரி போயிடும்.

---

ஹார்விபட்டி_பேத்தி:

அண்ணா, பெரியவங்களைப் பேச வைக்கிறதைப் பத்தி மட்டும் நான் சொல்றேன், எம்.ஏ படிக்கிறப்ப எங்க தாத்தா காலத்து மில் ஆளுங்க 11 பேர்கிட்ட பேசிப் பதிவு பண்ணினேன்.

முதல் நாள் கேமராவைக் கொண்டு போகாதீங்க. இது ரொம்ப ரொம்ப முக்கியம். சும்மா போயி உக்காந்து காப்பி குடிச்சிட்டு வாங்க. ரெண்டாவது நாள் ஆடியோ மட்டும். மூணாவது தடவை கேமரா. நீங்க கல்யாண வீட்டுக்குப் போறவர், ஒரே நாள்ல எல்லாத்தையும் எடுத்து முடிச்சுப் பழகியிருப்பீங்க, இதுல அது நடக்காது.

அப்புறம் "அந்தக் காலத்துல மதுரை எப்படி இருந்துச்சு"ன்னு கேட்டீங்கன்னா "அந்தக் காலம் மாதிரி வருமா"ன்னு ஒரு பதில்தான் வரும். சின்னதா கேளுங்க. காலைல எத்தனை மணிக்கு எந்திரிப்பீங்க, தண்ணி எங்க பிடிச்சீங்க, ராத்திரி எந்தத் தெரு வரைக்கும் பொம்பளப் பிள்ளைங்களைத் தனியா விடுவாங்க. எங்க ஆச்சிக்கிட்ட தாத்தா மில் வேலையைப் பத்திக் கேட்டா ரெண்டு வார்த்தைக்கு மேல பேச மாட்டாங்க. ஒரு நாள் "ஆச்சி, தாத்தா ஷிப்ட் முடிஞ்சு வந்தா முதல்ல என்ன பண்ணுவார்"னு கேட்டேன். வாசல் படிலயே நிப்பாராம், உள்ள வரமாட்டாராம், ஆச்சி ஒரு துண்டை எடுத்துட்டுப் போயி அவர் தலைல, புருவத்துல, காது மடல்ல ஒட்டியிருக்குற பஞ்சைத் தட்டி விடணுமாம், அதுக்கப்புறம்தான் வீட்டுக்குள்ள கால் வைப்பாராம். "கல்யாணமான மறுநா அவரைப் பார்த்து நரைச்ச ஆளைக் கட்டி வச்சிட்டாங்கன்னு அழுதேன்டி"ன்னு சொன்னாங்க. பேசிக்கிட்டே இருக்கும்போது ஆச்சி கை தானா காத்துல அந்தப் பஞ்சைத் தட்டுச்சு. தாத்தா போயி 19 வருஷம் ஆச்சு. என்கிட்ட அன்னைக்கு ஆடியோ ரெக்கார்டர் மட்டும்தான் இருந்துச்சு, அந்தக் கையை எடுக்க முடியலையேன்னு இன்னைக்கு வரைக்கும் மனசு அடிச்சுக்குது.

டெக்னிக்கலா சொல்றதுன்னா சீலிங் ஃபேனை ஆஃப் பண்ணச் சொல்லுங்க, வேர்க்கும், பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை நிறுத்தி ஃபேனைப் போட்டு விடுங்க பாவம். காலர் மைக்கை சேலை மடிப்புல மாட்டும்போது வீட்டுப் பொம்பளைங்களை விட்டு மாட்டச் சொல்லுங்க. பேசி முடிச்சதும் அந்த ரூம்ல யாரும் பேசாம ஒரு நிமிஷம் சும்மா ரெக்கார்ட் பண்ணிக்கோங்க, எடிட்ல இடைவெளி நிரப்ப அது வேணும். கைக்கு வேலை குடுங்க, வெத்தலை மடிக்கட்டும், பூக் கட்டட்டும், கீரை ஆயட்டும், கை ஓடுனா வாய் தானா ஓடும்.

இன்னொண்ணு, இதைச் சொல்லியே ஆகணும். ஒரு தடவை ஒரு டிவிக்காரங்க எங்க தெருவுக்கு வந்து ஒரு தாத்தாவை வெயில்ல ரெண்டு மணி நேரம் உக்கார வச்சு எடுத்துட்டுப் போனாங்க, ஒளிபரப்புல 8 செகண்ட் வந்துச்சு, பேர்கூடத் தப்பா போட்டிருந்தாங்க. மிச்சத்தையாவது குடுங்கன்னு அவர் மகன் போன் மேல போன் போட்டும் கிடைக்கல, அந்தத் தாத்தாவும் போயிட்டார். நீங்க யாரை எடுத்தாலும் முழு ரெக்கார்டிங்கையும் ஒரு பென்டிரைவ்ல போட்டு அந்த வீட்டுக்குக் குடுத்துடுங்க. எதுக்கு எடுக்குறோம், எங்க போடுவோம்னு தமிழ்ல ஒரு பக்கத்துல எழுதிப் படிச்சுக் காட்டி கையெழுத்து வாங்குங்க, வேண்டாம்னு பிறகு சொன்னா எடுத்துருவேன்னும் அதுல எழுதுங்க.

---

ஓய்வு_வரலாற்று_ஆசிரியர்:

தம்பிக்கு வாழ்த்துக்கள். 31 வருஷம் பள்ளிக்கூடத்தில வரலாறு நடத்தினவன்கிற உரிமைல கொஞ்சம் விரிவா சொல்றேன், பொறுத்துக்கணும்.

பழைய போட்டோவைப் பத்தி முதல்ல. லினியஸ் ட்ரைப்னு ஒரு கேப்டன், சென்னை மாகாண அரசாங்கத்துக்குப் போட்டோ எடுக்க நியமிக்கப்பட்டவர், 1858ல மதுரைக்கு வந்து கோயில், மகால், தெப்பக்குளம் எல்லாத்தையும் எடுத்திருக்கார். பிரிட்டிஷ் லைப்ரரி மாதிரி இடங்கள்ல இருக்கு, இணையத்துலயே பார்க்கலாம். அவர் எடுத்தப்ப கோட்டை இடிச்சு பத்துப் பதினஞ்சு வருஷம்தான் ஆகியிருக்கும். நம்ம நாட்டுச் சட்டப்படி காப்புரிமைக் காலம் எப்பவோ முடிஞ்சது, ஆனா எந்த நூலகத்தோட ஸ்கேனை எடுக்குறீங்களோ அவங்க நிபந்தனையைப் படிச்சுட்டு, அவங்க பேரையும் போட்டுடுங்க.

அந்தப் படங்களை உபயோகிக்கும்போது ஒரு எச்சரிக்கை. அவர் மெழுகு தடவின காகித நெகடிவ்ல எடுத்தவர், அதுக்கு லென்ஸை நிமிஷக் கணக்குல திறந்து வைக்கணும். அசையாம நின்னவங்க மட்டும்தான் பதிவாவாங்க, நடந்து போனவன், மாட்டு வண்டி, பூக்காரி எல்லாரும் படத்துல இருந்து மறைஞ்சு போயிடுவாங்க. அதனால 1858 மதுரை ஆளே இல்லாத ஊர் மாதிரி தெரியும். பார்க்குறவங்க "அப்ப எவ்வளவு அமைதியா இருந்திருக்கு ஊரு"ன்னு நினைச்சுக்குவாங்க. அது அமைதி இல்ல தம்பி, கேமராவுக்கு அவ்வளவுதான் கண்ணு. இதை ஒரு வரியாவது படத்துல சொல்லுங்க, சொல்லிட்டு அந்தப் படத்து மேல இன்னைக்கு விளக்குத்தூண் இரைச்சலைப் போட்டுக் காட்டுங்க.

மகாலைப் பத்திப் பேசினா இப்ப நிக்கிறது முழு மகால் இல்லைங்கிறதையும் சொல்லணும். திருமலை நாயக்கர் 1636ல கட்டினதுல ஏறக்குறைய கால் பங்குதான் மிச்சம், பேரன் சொக்கநாதரே பெருசா பிரிச்சுத் திருச்சிக்குக் கொண்டு போனார்னு சொல்றாங்க, மிச்சத்தைப் பின்னால நேப்பியர் பிரபு கவர்னரா இருந்தப்ப பழுது பார்த்தாங்க. சின்ன வயசுல நாம எல்லாம் மகால்ல ஒலி ஒளி காட்சி பார்த்து வளர்ந்தவங்க, வரலாறுன்னா ராஜா குரல்ல பேசணும்கிற பழக்கம் நமக்கு அங்க இருந்துதான் வந்துச்சுன்னு நினைக்கிறேன். அந்தக் காட்சி எனக்கும் பிடிக்கும். ஆனா சுவரை இடிச்ச கூலிக்காரன் குரல் அதுல இருக்காது.

அடுத்து கதையும் வரலாறும். கோட்டைக்கு 72 கொத்தளம், ஒவ்வொண்ணுக்கும் ஒரு பாளையக்காரர் பொறுப்புன்னு சொல்றது எல்லாருக்கும் தெரியும். மகால்ல இருந்து கோயிலுக்கு சுரங்கப்பாதைன்னு சொல்றதும் தெரியும். ரெண்டையும் ஒரே குரல்ல சொல்லாதீங்க. முதலாவது ரொம்ப நாளா எழுத்துல வர்ற மரபு, 1868ல நெல்சன்கிற வெள்ளைக்கார அதிகாரி இந்த மாவட்டத்தைப் பத்தி எழுதுன மதுரை மேனுவல் மாதிரி பழைய பதிவுகளோட ஒப்பிட்டுப் பேசலாம், ரெண்டாவது வாய்வழிக் கதை. வாய்வழிக் கதையைத் தூக்கிப் போடணும்னு நான் சொல்லவே இல்ல, அதைச் சொல்ற மனுசரைக் காட்டி அவர் வாயால சொல்ல விடுங்க, அது அவர் கதைன்னு பார்க்குறவனுக்குத் தானா புரியும். உங்க வாய்ஸ் ஓவர்ல வந்தா அது தீர்ப்பு ஆயிடும்.

கடைசியா மனசுல பட்டது. சுவர்னு ஒண்ணு இருந்தா உள்ள யாரு, வெளிய யாருன்னு ஒரு கேள்வி இருக்கு. கல் சுவரை 1840கள்ல இடிச்சோம். தாழ்த்தப்பட்ட ஜனத்தை உள்ள விடாம கோயில் வாசல்ல இருந்த சுவர் 1939 ஜூலை 8 வரைக்கும் நின்னுச்சு. வைத்தியநாத ஐயர் அன்னைக்குக் கக்கன் உள்ளிட்டவங்களைக் கூட்டிட்டு உள்ள போனார், பட்டர்கள் சிலர் எதிர்த்தாங்க, கேஸ் போட்டாங்க, ராஜாஜி அரசாங்கம் அவசரமா சட்டம் கொண்டு வந்து பாதுகாப்புக் குடுத்துச்சு. 1934ல மதுரைக்கு வந்தும் உள்ள போகாத காந்தி 1946ல போனார். கோட்டைச் சுவர் படத்துல இது வரலேன்னா அந்தப் படம் பாதிதான். நான் இதை அழுத்திச் சொல்றேன்.

---

மேலவெளிவீதி:

சாருக்கு நன்றி. ஹெலிகேம் அண்ணே, ஒரு விஷயம், கோயிலுக்குக் கிழக்க எதிர்ல இருக்குற பழைய கல் மண்டபம், புது மண்டபம்னு சொல்வோம்ல, அதுல இருந்த தையக்காரங்க, பாத்திரக்கடை, புத்தகக்கடை எல்லாம் குன்னத்தூர் சத்திரத்துக்கு மாத்திட்டாங்க. எங்கப்பா சாகுற வரைக்கும் எங்களுக்கு ஸ்கூல் யூனிஃபார்ம் அங்கதான் தச்சது, கல்தூண் நடுவுல மிஷின் சத்தம் கேட்டுக்கிட்டே இருக்கும், யாளி காலுக்குக் கீழ துணி குமிஞ்சு கிடக்கும். அந்தத் தையக்காரங்க இன்னும் இருக்காங்க, அவங்களை இப்பவே எடுங்க. கோட்டை இடிச்சப்ப யாரும் பதிவு பண்ணலேன்னு வருத்தப்படுறோம், நம்ம கண்ணு முன்னாடி மாறுறதை நாமளும் விட்டுட்டா எப்படி.

---

செல்லூர்த்தறி:

எல்லாரும் நல்லா சொல்றீங்க, ஆனா எனக்கு ஒரு வருத்தம் இருக்கு, நேராவே சொல்லிடுறேன். மதுரைப் படம்னாலே கோயில், நாலு மாசி வீதி, மகால், திரும்பக் கோயில். கோட்டைச் சுவரை எடுத்தாலும் திரும்ப அந்த சதுரத்துக்குள்ளயேதான் சுத்துவீங்க. ஆத்துக்கு வடக்க இருக்குற நாங்க என்ன மதுரை இல்லையா? செல்லூர் தறி, கோரிப்பாளையம் தர்கா, தல்லாகுளம், அழகர் எதிர்சேவை எல்லாம் அங்கிட்டுதானே நடக்குது. 1889ல ஏவி மேம்பாலம் வந்ததுக்கு அப்புறம்தான் ஆத்துல வெள்ளம் வந்தாலும் அங்கிட்டும் இங்கிட்டும் பயமில்லாம போக முடிஞ்சுச்சு, அதுக்கு முன்ன தண்ணி வந்தா வந்த பக்கமே நிக்க வேண்டியதுதான். கோட்டைக்கு வெளிய நின்னு பார்த்தவன் கண்ணுல அந்தச் சுவர் எப்படி இருந்திருக்கும்னு ஒரு நிமிஷம் காட்டுங்க. ஆத்துக்குள்ள இறங்கி நின்னு தெக்க பார்த்து கேமராவை வைங்க, மீனாட்சி கோபுரம் தெரியும், நடுவுல சுவர் இல்ல, அந்த ஷாட்டு போதும்.

---

ஹெலிகேம்_மதுரை:

ஐயோ இவ்வளவு பேர் இவ்வளவு எழுதுவீங்கன்னு நினைக்கவே இல்ல. ரெண்டு தடவை உக்காந்து படிச்சேன், என் மனைவிகிட்டயும் படிச்சுக் காட்டினேன்.

செல்லூர் அண்ணே நீங்க சொன்னது சுருக்குன்னு பட்டுச்சு, உண்மைதான். ஆத்துல இருந்து பார்க்குற ஷாட்டை எடுத்துருவேன், தறி வீட்டுக்கும் வர்றேன், சத்தத்தோட எடுக்கணும்.

சார், கோயில் நுழைவைக் கண்டிப்பா வைக்கிறேன். ஆனா 2018 தீ விபத்துக்கு அப்புறம் கோயிலுக்குள்ள செல்போனே விடுறதில்ல, கேமரா கேக்கவே வேண்டாம். அந்தக் காட்சியை எப்படிப் பண்றதுன்னு தெரியல. இன்னொரு சந்தேகம், குரல். என் நண்பன் எல்லாம் செந்தமிழ்ல இருந்தாத்தான் ஆவணப்படம் மாதிரி இருக்கும்னு சொல்றான், எனக்கு நம்ம பேச்சுத் தமிழ்லயே நானே பேசலாமான்னு தோணுது.

---

டைம்லைன்காரன்:

உங்க குரல்லயே பேசுங்கண்ணே, யோசிக்கவே வேண்டாம். நீங்க தெருவுல நடந்து போறீங்க, மூச்சு வாங்குது, நடுவுல ஒரு ஆட்டோக்காரர் ஹாரன் அடிக்கிறார், நீங்க ஒதுங்குறீங்க, அதோட சேர்ந்து பேச்சு வந்தா பார்க்குறவன் உங்க கூட நடப்பான். வருஷமும் பேரும் மட்டும் எழுத்துல கார்டா போடுங்க, அதை வாயால சொல்ல வேண்டாம், அங்கதான் எல்லா ஆவணப்படமும் பாடமா மாறுது.

கோயில் வாசல் விஷயத்துக்கு உள்ள போகவே தேவையில்ல. அவங்க நடந்து வந்த வெளிப்பக்கத்தை மட்டும் எடுங்க, வாசல்ல செருப்பு விடுற இடத்துல கேமராவைத் தரையோட தரையா வச்சு காலைல ஒரு மணி நேரம் அப்படியே ஓட விடுங்க. இன்னைக்கு யார் யார் கால் உள்ள போகுதுன்னு காட்டுங்க. கேமரா வாசலோட நிக்குறது உங்க கையாலாகாத்தனம் இல்ல, 1939க்கு முன்னாடி அந்த ஜனம் நின்ன இடம் அதுதான். ஆனா இது முடிவு இல்ல, எடுத்துப் பாருங்க, டைம்லைன்ல வச்சா தெரியும்.

ஏ.கே. செட்டியாரை நினைச்சுக்கோங்க, 1940ல காந்தி ஆவணப்படம் எடுத்தாரே நம்ம கோட்டையூர்க்காரர், அவர் கைல இருந்ததுல பெரும்பகுதி அடுத்தவங்க எடுத்த சுருள்தான், நாடு நாடாப் போயித் தேடிச் சேர்த்தார். நமக்கு மேலமாசி வீதிக்கும் செல்லூருக்கும் நடக்குறது ஒரு தூரமே இல்ல. வீட்டு வீட்டுக்குக் கேளுங்க, பழைய கல்யாண ஆல்பம் எல்லார் வீட்டுலயும் இருக்கும், நீங்க அந்தத் தொழில்ல இருக்கீங்க, உங்களை விட அதை யாரும் லேசா கேட்டு வாங்க முடியாது. ஊர்வலம் போற போட்டோவுல மாப்பிள்ளைக்குப் பின்னாடி இருக்குற தெருவைப் பாருங்க, கடைப்பலகையைப் பாருங்க. அதுதான் ஆர்க்கைவ்.

ரா ஃபுட்டேஜை மூணு இடத்துல வைங்க, ஒண்ணு வேற வீட்டுல இருக்கட்டும்.

---

மேலவெளிவீதி:

ஆல்பம்னதும் ஞாபகம் வந்துச்சு, மேலப் பெருமாள் மேஸ்திரி வீதில தங்கம் தியேட்டர் இருந்துச்சுல்ல, 1952 தீபாவளிக்குப் பராசக்தியோட திறந்தாங்க, ஆசியாலயே பெரிய தியேட்டர்னு எங்கப்பா வாய் ஓயாம சொல்வார். அந்த வாசல்ல எங்க அப்பாவும் அவர் கூட்டாளிங்க மூணு பேரும் கையைக் கோத்துக்கிட்டு நிக்கிற போட்டோ ஒண்ணு எங்க வீட்டுல இருக்கு, ஓரம் கரையான் அரிச்சிருக்கு, முகம் நல்லா தெரியுது. அகழியைத் தூர்த்த பக்கத்துல தெரு வந்து, தெருவுல தியேட்டர் வந்து, இப்ப தியேட்டரும் இல்ல. வேணும்னா வந்து எடுத்துக்கோங்க, ஆனா வீட்டுல வச்சே எடுங்க, வெளிய குடுத்து விட மனசு வரல.

---

ஓய்வு_வரலாற்று_ஆசிரியர்:

தம்பி, மகாலும் மிச்சமிருக்குற கோட்டைப் பகுதியும் தொல்லியல் பாதுகாப்புல உள்ள இடம்னு நினைச்சே போங்க, பெரிய கேமராவோட போறதுக்கு முன்னாடி எழுத்துல அனுமதி கேட்டு வாங்கி, நகலைப் பைல வச்சுக்குங்க. ஹெலிகேம் பறக்க விடுறதுக்கும் டிஜிட்டல் ஸ்கைங்கிற அரசாங்க டிரோன் இணையதளத்துல எங்க விடலாம் எங்க கூடாதுன்னு பார்த்துட்டு விடுங்க, கோயில் பக்கம் ரொம்ப கவனம்.

படம் முடிஞ்சதும் முதல் தடவை அதே தெருவுலயே போட்டுக் காட்டுங்க, யூடியூப்ல ஏத்துறதுக்கு முன்னாடி. தப்புன்னு சொல்றவங்களைச் சொல்ல விடுங்க, ஒரு நோட்டோட உக்காருங்க. "அந்தக் கடை அங்க இல்ல, எதிர்த்தாப்ல"ன்னு ஒருத்தர் சொல்வார், இன்னொருத்தர் மறுப்பார், அந்தச் சண்டையையும் எடுத்து வச்சுக்குங்க. திருத்திட்டு ரெண்டாவது எடிட் போடுங்க. அந்தப் பாட்டியை முன் வரிசைல உக்கார வைங்க.

---

ஹெலிகேம்_மதுரை:

சரி சார், அப்படியே பண்றேன். வர்ற ஆனி மாசம் எனக்கு முகூர்த்தம் கம்மி, அப்ப ஆரம்பிக்கிறேன். முதல்ல விளக்குத்தூண், அப்புறம் சுவர்க் கோட்டுல நடை. அந்தப் பாட்டி வீட்டுக்கு நேத்தே போயிட்டு வந்தேன், கேமரா இல்லாம. கீழ மாரட் வீதிலதான் வாக்கப்பட்டு வந்தாங்களாம். வீட்டுக்குப் பின்னாடி ஒரு ரூம்ல மட்டும் தரை எப்பவும் ஈரம் காத்துக்கிட்டே இருக்கும், அரிசி மூட்டை வச்சா பூத்துப் போகும், மாமியார் "அது அகழித் தண்ணி, போகாது"ன்னு சொல்வாங்களாம். உண்மையா அகழித் தண்ணியான்னு நான் சொல்ல முடியாது, சார் சொன்ன மாதிரி பாட்டி வாயாலயே இருக்கட்டும். ஆனா என்னை அந்த ரூமுக்குக் கூட்டிட்டுப் போயி குனிஞ்சு தரைல உள்ளங்கையை வச்சு "தொட்டுப் பாரு"ன்னாங்க. தொட்டேன், ஜில்லுனு இருந்துச்சு.

பேத்தி தங்கச்சி, உங்க ஆச்சி இப்ப எப்படி இருக்காங்க? மில் சங்கு சத்தத்தைப் பத்தியும், வெளி வீதிக்கு மேக்க இருந்த ஜனத்தைப் பத்தியும் யாராவது பேசுனா நல்லா இருக்கும்.

---

ஹார்விபட்டி_பேத்தி:

ஆச்சிக்கு 88 ஆகுது அண்ணா, காது கொஞ்சம் மந்தம், பேச்சு நல்லா இருக்கு. சங்கு சத்தத்தை வச்சுத்தான் உலை வைப்பாங்க, அதைக் கேட்டா ஒரு மணி நேரம் பேசுவாங்க. ஞாயித்துக்கிழமை பத்து மணிக்கு மேல வாங்க, அதுக்கு முன்னாடி பூஜைல இருப்பாங்க. முதல் நாள் கேமரா வேண்டாம். வலது பக்கம் உக்காருங்க, அந்தக் காதுதான் கேக்கும். வரும்போது ஒரு பழைய துண்டு இருந்தா கொண்டு வாங்க, மூணாவது தடவைக்கு வேணும்.